கேட்டவர் சொல்லும் தீர்ப்பு

(கொக்கிளாயில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



இன்றைக்கு நான் கதைக்கப் போவது டீப் பேர்ப்பிள் என்ற ஆங்கிலேய றொக் இசைக்குழுவைப் பற்றி. அந்தக் குழுவின் இசையை விட, அந்த இசையைக் கேட்ட சனம் அதைப் பற்றிச் சொன்ன கருத்துகளைப் பற்றித்தான் கூடுதலாகக் கதைப்பேன். எந்த இசைத்தட்டு நல்லது, எந்த இரவில் நடந்த கச்சேரி நல்லது, எந்தக் கிற்றார்க்காரர் அந்தக் குழுவுக்கு உரியவர் என்று 50 வருடங்களுக்கு மேலாக அந்த ரசிகர்கள் வாதாடி வருகிறார்கள். கொக்கிளாயில் வந்து நின்று இதை ஏன் கதைக்க வேண்டும் என்று பெரியவர்கள் கேட்கக்கூடும். நியாயமான கேள்வி. விடிய விடியக் கோவலன் கூத்துப் பார்த்துவிட்டு, போன முறை கோவலனாக ஆடினவருக்கும் இந்த முறை ஆடினவருக்கும் குரலில் என்ன வித்தியாசம், எந்த அண்ணாவியார் பழக்கின கூத்தில் தாளம் பிசகவில்லை என்று வீடு போய்ச் சேரும் வரை வாதாடின சனம் நாங்கள். அந்த வாதங்களுக்கு நாங்கள் மதிப்புக் கொடுக்கவில்லை. இன்னொரு நாட்டுச் சனம் தங்களுடைய வாதங்களுக்கு எவ்வளவு மதிப்புக் கொடுத்தது, அதனால் என்ன காப்பாற்றப்பட்டது என்பதை உங்களுக்குச் சொல்லத்தான் வந்திருக்கிறேன்.

குழுவைச் சுருக்கமாக அறிமுகப்படுத்தி விடுகிறேன். 1968 இல் இங்கிலாந்தில் தொடங்கியது. இன்னும் மேடையேறுகிறது, 2024 இல் கூட ஒரு புதிய இசைத்தட்டை வெளியிட்டது. அன்று தொட்டு இன்று வரை மாறாமல் இருப்பவர் ஒரே ஒருவர், இடக்கைப் பழக்கமுள்ள ட்ரம்ஸ் கலைஞர் இயன் பெய்ஸ். மற்ற எல்லா இடங்களும் மாறியிருக்கின்றன. ஆட்கள் மாறும் ஒவ்வொரு தடவையும் ரசிகர்களும் பத்திரிகைகளும் அந்த அணிக்கு ஓர் இலக்கம் கொடுத்தார்கள்: மார்க் ஒன்று, மார்க் இரண்டு, மார்க் மூன்று என்று. 1969 இல் பாடகர் இயன் கில்லனும் பேஸ் கிற்றார் றொஜர் குளோவரும் வந்து சேர்ந்த பிறகு அமைந்ததுதான் மார்க் இரண்டு. கில்லன், குளோவர், பெய்ஸ் ஆகியோருடன் கிற்றாரில் றிச்சி பிளாக்மோரும் ஓர்கனில் ஜோன் லோர்டும் இருந்தார்கள். உலகம் டீப் பேர்ப்பிள் என்று சொன்னால் பெரும்பாலும் இந்த ஐந்து பேரைத்தான் நினைக்கும்.

இவர்கள் வாசித்த இசையைக் கடும் றொக் என்பார்கள். கிற்றாரை மின்பெருக்கியில் கொடுத்து அதன் ஒலியை உடைத்து, முறுக்கி வாசிப்பது அதன் குணம். இந்தக் குழுவில் ஒரு புதுமை இருந்தது. தேவாலயங்களில் கேட்கும் ஓர்கன் ஒலியைத் தரும் ஹம்மண்ட் கருவியை ஜோன் லோர்ட் கிற்றாருக்குரிய மார்ஷல் பெருக்கியில் இணைத்து வாசித்தார். அதனால் ஓர்கனும் கிற்றாரைப் போலவே உறுமியது. இரண்டும் மேடையில் ஒன்றையொன்று விரட்டும். பிளாக்மோர் பாக் என்ற ஜேர்மானிய இசையமைப்பாளரில் ஈடுபாடு கொண்டவர். 'ஹைவே ஸ்டார்' பாட்டில் அவர் வாசிக்கும் நீண்ட தனி வாசிப்பின் அடியில் பாக்கின் சாயல் இருக்கிறது. 1986 இல் இளையராஜா 'ஹவ் டு நேம் இட்' என்ற இசைத்தொகுப்பில் தியாகராஜரையும் பாக்கையும் ஒன்றாகக் கொண்டுவந்தபோது வியந்து கேட்டவர்கள் இந்தச் சபையில் இருப்பீர்கள். அந்தக் காதோடு 'ஹைவே ஸ்டார்' கேட்டால் அந்நியமாக இருக்காது.

இனி வாதங்களுக்கு வருவோம். முதல் வாதம் இசைத்தட்டுகளைப் பற்றியது. மார்க் இரண்டு அணி 1970 இல் 'இன் றொக்', 1971 இல் 'ஃபயர்போல்', 1972 இல் 'மெஷின் ஹெட்' என்று வரிசையாக மூன்று தட்டுகளைத் தந்தது. 'இன் றொக்' தான் உச்சம் என்று ஒரு பகுதி ரசிகர்கள் சொல்வார்கள். அதில் இருக்கும் 'சைல்ட் இன் டைம்' பத்து நிமிடத்துக்கு மேல் போகும் பாட்டு. மெதுவாகத் தொடங்கி, கில்லன் சொற்களே இல்லாமல் குரலை மேலே மேலே கொண்டுபோய் அலறலில் முடிப்பார். 'மெஷின் ஹெட்' பக்கம் நிற்பவர்கள், அதில் ஒரு பாட்டையும் தள்ளிவிட முடியாது என்பார்கள். நடுவில் இருக்கும் 'ஃபயர்போல்' தட்டை அதிகம் பேர் பேசுவதில்லை. ஆனால் பாடின கில்லனுக்கே பிடித்தமான தட்டு அதுதான். செய்தவர்களுக்குள்ளேயே ஒத்த கருத்து இல்லை என்றால், கேட்டவர்கள் வாதாடுவதில் என்ன தப்பு இருக்கிறது?

நான் 'மெஷின் ஹெட்' பக்கம். அது பிறந்த கதையும் அதற்கு ஒரு காரணம். 1971 மார்கழியில் சுவிற்சர்லாந்தின் மொன்றோ நகரில், ஜெனீவா ஏரிக்கரையில் இருந்த ஒரு சூதாட்ட மண்டபத்தில் ஒலிப்பதிவு செய்யத்தான் குழு போயிருந்தது. மண்டபத்தை அவர்களிடம் கொடுப்பதற்கு முன் அங்கே கடைசியாக ஒரு கச்சேரி, பிராங்க் ஸப்பா என்ற அமெரிக்கக் கலைஞருடையது. மார்கழி 4 ஆம் திகதி அந்தக் கச்சேரியின் நடுவில் பார்வையாளர் ஒருவர் வெளிச்சக்குண்டுத் துப்பாக்கியைக் கூரையை நோக்கிச் சுட்டார். மண்டபம் முழுதாக எரிந்து போனது. புகை ஏரியின் மேல் படர்ந்ததை இவர்கள் தங்கியிருந்த இடத்திலிருந்து பார்த்தார்கள். பிறகு வேறோர் இடத்தில் பதிவு தொடங்க, சத்தம் தாங்க முடியாமல் அயலவர் முறையிட, அங்கிருந்தும் எழும்ப வேண்டி வந்தது. கடைசியில் குளிர்காலத்துக்குப் பூட்டிக் கிடந்த ஒரு விடுதியை எடுத்து, அதன் நடைவழிகளில் மெத்தைகளைச் சாத்தி ஒலியைக் கட்டுப்படுத்தி, வெளியே நின்ற ஒலிப்பதிவு வண்டிக்குக் கம்பி இழுத்து வாசித்தார்கள். எரிந்த மண்டபத்தின் கதையே 'ஸ்மோக் ஒன் த வோட்டர்' என்ற பாட்டானது. கிற்றார் பழகும் பிள்ளைகள் உலகமெங்கும் முதலில் வாசித்துப் பார்க்கும் மெட்டு அதுவாகத்தான் இருக்கும். இடம் பறிபோய், இடம் மாறி, கிடைத்த இடத்தில் வேலையை முடித்தவர்களின் தட்டு அது. எங்கள் சனத்துக்கு அதை விளக்கத் தேவையில்லை.

அந்தப் பாட்டின் மதிப்பைச் செய்தவர்கள் முதலில் உணரவில்லை. தனிப்பாட்டாக வெளியிட வேறொரு பாட்டைத்தான் தெரிந்தெடுத்தார்கள். தட்டு வெளிவந்து ஒரு வருடம் கடந்த பிறகு, 1973 இல், அமெரிக்காவில் 'ஸ்மோக் ஒன் த வோட்டர்' தனிப்பாட்டாக வந்து விற்பனை வரிசையில் நான்காம் இடம் வரை போனது. கச்சேரியில் அந்த மெட்டு தொடங்கும்போதே எழும்பி நின்ற சனத்துக்கு அதன் பெறுமதி முன்னமே தெரிந்திருந்தது.

இதை விடப் பெரிய சாட்சி 'மேட் இன் ஜப்பான்' என்ற இசைத்தட்டு. இன்று நான் சொல்ல வந்ததில் முக்கியமான பகுதி இது. 1972 ஆவணி மாதத்தில் குழு முதல் தடவையாக ஜப்பானுக்குப் போனது. 15 ஆம், 16 ஆம் திகதிகளில் ஒசாக்காவில், 17 ஆம் திகதி ரோக்கியோவின் புடோக்கான் அரங்கில், ஆக மூன்று இரவுகள். இந்தக் கச்சேரிகளைப் பதிவு செய்ய வேண்டும் என்று கேட்டது ஜப்பானிய இசைத்தட்டுக் கம்பனி. குழுவுக்கு விருப்பமில்லை. மேடையில் நடப்பது மேடையோடு போக வேண்டும் என்பது அவர்களுடைய எண்ணம். ஜப்பானில் மட்டும் விற்கும் தட்டாகத்தான் அதை நினைத்தார்கள். மார்ட்டின் பேர்ச் என்ற ஒலிப்பதிவாளர் பதிவு செய்தார். பதிவைக் கலந்து சீராக்கும் வேலைக்குக் கூடக் குளோவரும் பெய்ஸும் மட்டுமே போனார்கள். தன் குரல் அதில் சரியில்லை என்பது கில்லனின் குறை.

இரண்டு இசைத்தட்டுகள், மொத்தம் ஏழே ஏழு பாட்டுகள். 'மெஷின் ஹெட்' தட்டில் ஐந்து நிமிடம் கூட வராத 'ஸ்பேஸ் றக்கின்' இங்கே ஏறத்தாழ இருபது நிமிடம். 'ஸ்ட்ரேஞ் கைண்ட் ஒஃப் வுமன்' பாட்டில் பிளாக்மோர் கிற்றாரில் ஒரு துண்டு வாசிக்க, கில்லன் அதையே தொண்டையால் திருப்பிச் சொல்வார். அவர் இன்னும் கடினமாக வாசிக்க, இவர் இன்னும் மேலே போவார். நாகசுரமும் தவிலும் கோயில் வீதியில் மாறி மாறிக் கொடுத்து வாங்குவதைக் கேட்டு வளர்ந்த எங்கள் காதுக்கு இது உடனே பிடிபடும். இவற்றில் எதுவும் பிறகு ஸ்ரூடியோவில் வைத்துத் திருத்தி ஒட்டப்பட்டதல்ல. அந்த மூன்று இரவுகளில் நடந்ததுதான் தட்டில் இருக்கிறது.

ரசிகர்கள் அந்தத் தட்டைத் தூக்கி வைத்தார்கள். ஜப்பானுக்கு என்று நினைத்தது உலகமெங்கும் விற்றது. கடும் றொக் இசையின் மேடைப் பதிவுகளில் முதல் வரிசையில் அதை வைக்காத ரசிகர் குறைவு. அதோடு அவர்கள் நிற்கவில்லை. தட்டில் உள்ள ஏழு பாட்டுகளில் எது எந்த இரவுக்குரியது என்று தேடினார்கள். பெரும்பாலானவை ஒசாக்காவின் இரண்டாம் இரவுக்குரியவை. 'ஸ்மோக் ஒன் த வோட்டர்' முதல் இரவுக்குரியது. அப்படியானால் மற்ற இரவுகளில் அதே பாட்டுகள் எப்படி இருந்தன என்று கேட்டார்கள். இந்தக் கேள்வி அடங்கவில்லை. 1993 இல் மூன்று இரவுகளின் பெரும்பகுதியும் தனித்தனியாக மூன்று குறுந்தட்டுகளில் வெளியானது. ஒரே பாட்டை மூன்று இரவுகளிலும் அடுத்தடுத்துக் கேட்கும் வசதி அப்போதுதான் வந்தது. இங்கிலாந்தில் 1970களிலேயே இந்தக் குழுவுக்கென்று ஒரு ரசிகர் சங்கம் உருவாகி, சஞ்சிகை நடத்தி, கச்சேரித் திகதிகள், பாட்டு வரிசைகள், வெளிவராத பதிவுகள் என்று எல்லாவற்றையும் சேர்த்து வந்தது. பழைய பதிவுகளைப் பின்னாளில் ஒழுங்காக மறுவெளியீடு செய்தபோது, அந்த ரசிகர்களின் அறிவு நேரடியாகப் பயன்பட்டது.

கலைஞருக்கு மேடையிலிருந்து தன் பிழை கேட்கிறது. கீழே இருப்பவருக்கு முழு இரவும் கேட்கிறது. கில்லன் தன் குரலில் கேட்ட குறை உண்மையாக இருக்கலாம். ஆனால் அந்த இரவு என்னவாக இருந்தது என்பதில் ரசிகர்கள்தான் சரி.

அதற்காக ரசிகர்கள் எப்போதும் சரி என்று நான் சொல்ல வரவில்லை. 1973 ஆனி மாதம் ஒசாக்காவில் கடைசியாகப் பாடிவிட்டுக் கில்லன் விலகினார், குளோவரும் போனார். உடுப்புக் கடையில் வேலை செய்துகொண்டிருந்த டேவிட் கவடேல் என்ற இளைஞர் பாடகராக வந்தார், பேஸ் கிற்றாருக்கும் பாட்டுக்கும் கிளென் ஹியூஸ் வந்தார். 1974 இல் 'பேர்ன்' வெளியானது. அது நல்ல தட்டு என்பதை ரசிகர்கள் விரைவில் ஏற்றார்கள். அடுத்த வருடம் பிளாக்மோரும் போய், டொமி போலின் என்ற அமெரிக்க இளைஞர் கிற்றாருக்கு வந்தபோது ஏற்கவில்லை. 1975 இல் வந்த 'கம் டேஸ்ற் த பாண்ட்' தட்டைப் பலர் காது கொடுத்துக் கேட்காமலே ஒதுக்கினார்கள். கச்சேரிகளில் பிளாக்மோரின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார்கள். பாடுபட்டு வாசிக்கிற பிள்ளையின் முகத்துக்கு நேரே இன்னொருவர் பெயரைச் சொல்லிக் கத்துவது எவ்வளவு கொடுமை! 1975 மார்கழியில் அதே புடோக்கான் அரங்கில், இடது கை சரியாக இயங்காத நிலையில் போலின் வாசிக்க வேண்டி வந்தது. அந்த இரவும் பதிவாகி, 1977 இல் தட்டாக வந்தது. அதே நகரம், அதே அரங்கு, மூன்று வருட இடைவெளியில் ஒன்று உச்சம், மற்றது வீழ்ச்சி. 1976 பங்குனியில் குழு கலைந்தது. அந்த வருட மார்கழியில் போலின் இறந்து போனார், வயது 25. இன்று 'கம் டேஸ்ற் த பாண்ட்' தட்டைத் திரும்பக் கேட்கும் ரசிகர்கள் அதன் அருமையைச் சொல்கிறார்கள். சொல்ல வேண்டிய காலத்தில் சொல்லவில்லை. முதல் கேட்டலில் சொல்லும் தீர்ப்பில் பழக்கமும் பாசமும் கலந்திருக்கும். பலமுறை கேட்டவரின் சொல்லை நான் நம்புவேன்.

சத்தத்தை வைத்துப் பெருமைப்படும் ரசிகர்களையும் என்னால் ஏற்க முடியவில்லை. 1972 இல் லண்டன் றெயின்போ அரங்கில் நடந்த கச்சேரியில் 117 டெசிபெல் சத்தம் அளக்கப்பட்டு, மூன்று பேர் மயங்கி விழுந்து, உலகத்திலேயே சத்தம் கூடிய குழு என்று கின்னஸ் நூலில் பெயர் வந்தது. இதைக் கடும் றொக் ரசிகர்கள் இன்றைக்கும் மார்தட்டிச் சொல்வார்கள். எங்கள் கோயில்களில் ஒலிபெருக்கியை எவ்வளவு கூட்டி வைத்தால் திருவிழா அவ்வளவு சிறப்பு என்று நினைப்பவர்களுக்கும் சேர்த்துத்தான் சொல்கிறேன்: அது இசையைப் பற்றிய கருத்தாகாது.

ஆனால் ஏமாற்றுக் கச்சேரியை இனம் கண்டவர்களும் ரசிகர்கள்தான். குழு கலைந்திருந்த 1980 இல், முதல் அணியில் பாடிய றொட் எவன்ஸை மட்டும் வைத்து, மற்ற இடங்களுக்கு வேறு ஆட்களைப் போட்டு, டீப் பேர்ப்பிள் என்ற பெயரில் அமெரிக்கக் கண்டத்தில் கச்சேரிகள் நடத்தினார்கள். ரிக்கற் எடுத்து வந்த சனம் மேடையைப் பார்த்ததும் கூச்சலிட்டது. விசயம் நீதிமன்றம் போய் அந்தக் கச்சேரிகள் நின்றன. சட்டத்தரணிகள் வருவதற்கு முன்னமே தீர்ப்பு அரங்கில் சொல்லப்பட்டு விட்டது.

1984 இல் மார்க் இரண்டு அணி மறுபடியும் சேர்ந்து 'பேர்ஃபெக்ற் ஸ்ட்ரேஞ்சர்ஸ்' தந்தது. ஆனால் கில்லனுக்கும் பிளாக்மோருக்கும் இடையில் இருந்த மனக்கசப்பு மாறவில்லை. 1993 கார்த்திகையில் பேர்மிங்ஹாமில் கச்சேரி தொடங்கியபோது பிளாக்மோர் மேடையிலேயே இல்லை. 'ஹைவே ஸ்டார்' பாட்டில் கிற்றார் தனி வாசிப்பு வரும் இடத்தில்தான் தோன்றினார். வந்தவர் படப்பிடிப்பாளரை நோக்கித் தண்ணீரை எறிந்தார். எல்லாம் காணொளியில் இருக்கிறது. சில நாட்களில் அவர் விலகிப் போய்விட்டார், திரும்பவே இல்லை. அந்த இரவைப் பற்றி ரசிகர்கள் இரண்டு பட்டவர்கள்: காசு கொடுத்து வந்தவரை அவமதித்தார் என்பவர்கள் ஒரு பக்கம், கோபத்தில் வாசித்ததால்தான் அன்றைய வாசிப்பு அப்படி எரிந்தது என்பவர்கள் மறுபக்கம். நான் முதல் பக்கத்தவன். வாசிப்பு எவ்வளவு பெரிதானாலும், வந்திருக்கும் சனத்துக்கு மரியாதை கொடுக்காத மேடையை நான் மெச்ச மாட்டேன்.

பிளாக்மோரின் இடத்துக்குப் பிறகு நிரந்தரமாக வந்த கிற்றார்க்காரர் ஸ்டீவ் மோர்ஸ். இந்த இடத்தில்தான் எங்கள் பக்கத்து உலகம் கதைக்குள் வருகிறது. 1995 சித்திரையில் குழு இந்தியாவுக்கு வந்து பம்பாயில் அந்தேரி விளையாட்டரங்கில் வாசித்தது. மோர்ஸ் இந்தக் குழுவோடு வாசித்த முதல் இசைத்தட்டு 1996 இல்தான் வெளிவந்தது. ஆகவே பம்பாய்ச் சனம் தட்டில் கேட்டு மனதில் எந்த முடிவும் எடுக்காமல், நேரடியாக மேடையில் அவரைக் கேட்டது. இருபது வருடத்துக்கு மேலாகக் கசற்றுகளிலும் தேய்ந்த தட்டுகளிலும் மட்டும் கேட்டுக் காத்திருந்த சனம் அது. அந்தக் காணொளியில் அவர்கள் பாட்டுகளைக் கூடவே பாடுவதைப் பார்க்கும்போது, கிற்றார்க்காரர் மாறியதைப் பற்றிய முறைப்பாடு எந்த முகத்திலும் தெரியவில்லை. 'பொம்பே கோலிங்' என்பது அந்தக் காணொளியின் பெயர். அந்தப் பெயருக்குப் பின்னால் ஒரு வரலாறு உண்டு. சன் பிரான்சிஸ்கோவின் இட்ஸ் எ பியூட்டிஃபுல் டே என்ற குழு 1969 இல் 'பொம்பே கோலிங்' என்று ஒரு இசைத் துண்டை வெளியிட்டது. 'சைல்ட் இன் டைம்' பாட்டின் தொடக்க ஓர்கன் மெட்டு அதிலிருந்து எடுத்ததுதான். இரண்டையும் கேட்டு வைத்திருக்கும் ரசிகர்களுக்கு இது உடனே தெரியும்.

இனி எங்களைப் பற்றி. 1970களில் இறக்குமதிக் கட்டுப்பாடு இறுகியிருந்த காலத்தில், வெளிநாட்டு இசைத்தட்டு இந்த நாட்டில் அரும்பொருள். அந்தக் காலத்தில்தான் நித்தி கனகரத்தினத்தின் 'சின்ன மாமியே'யும் ஏ. ஈ. மனோகரனின் 'சுராங்கனி'யும் எங்கள் பொப் இசையாக வீதியெல்லாம் கேட்டன. பிறகு கசற் வந்தது, அதன் பின் போர் வந்தது. 1990களில் மின்சாரம் இல்லை. பற்றரி தடைசெய்யப்பட்ட பொருள். சைக்கிளைக் கவிழ்த்து வைத்து, பெடலைக் கையால் சுழற்றி, டைனமோவில் வரும் மின்சாரத்தில் பாட்டுக் கேட்டோம். சுழற்றுகிற கை தளர்ந்தால் பாட்டும் இழுபடும். உங்களில் பலர் சுழற்றியிருப்பீர்கள். அப்படிக் கேட்கிறபோது எல்லாப் பாட்டையும் கேட்க முடியாது. எந்தப் பாட்டுக்குக் கை வலிக்க வலிக்கச் சுழற்றலாம், எந்தப் பாட்டைத் தள்ளிவிடலாம் என்று தெரிந்தெடுத்தோம். அந்தத் தெரிவை விட நேர்மையான இசை விமர்சனம் எங்கேயும் எழுதப்பட்டிருக்கும் என்று நான் நினைக்கவில்லை. ஆனால் எங்களில் யாரும் அதை எழுதி வைக்கவில்லை.

இன்றைய நிலை வேறு. 2024 மாசி மாதம் யாழ்ப்பாணம் முற்றவெளியில் பாடகர் ஹரிஹரனின் நிகழ்ச்சி நடந்தது உங்களுக்குத் தெரியும். தடுப்புகளை உடைத்துக்கொண்டு சனம் முன்னே வந்தது, நிகழ்ச்சி இடையில் நின்றது. அடுத்த கிழமை முழுவதும் எல்லாரும் கதைத்தது அந்தக் குழப்பத்தைப் பற்றியே. அவர் என்ன பாடினார், குரல் எப்படி இருந்தது, எந்தப் பாட்டில் சனம் கரைந்தது என்று ஒருவரும் கதைக்கவில்லை. அவ்வளவு பெரிய கலைஞர் வந்து பாடின இரவுக்கு இசை பற்றிய ஒரு சாட்சியம் கூட என் காதில் விழவில்லை என்பது எனக்கு இன்றைக்கும் கவலை.

எங்கள் முன்னோர் அப்படி இருக்கவில்லை. கோவலன் கூத்துக் களரியைச் சுற்றி இருந்தவர்களுக்கு ஏடு மனப்பாடம். மத்தளத்தில் ஓர் அடி தவறினால் பாய் விரித்து இருந்த பாட்டிக்குத் தெரியும். முல்லைமோடி என்று பெயர் பெற்ற எங்கள் கூத்து மரபை அண்ணாவிமாரோடு சேர்ந்து காத்தவர்கள் அந்தச் சபையார். கரைவலை இழுக்கும்போது அம்பா பாடினவர்களில் யார் எடுத்துக் கொடுத்தால் வலை லேசாக வரும் என்று இந்தக் கடற்கரையில் எல்லாருக்கும் தெரிந்திருந்தது. 1984 மார்கழியில் எங்கள் சனம் இந்தக் கரையை விட்டு எழும்பி ஓடியது. போர் முடிந்த பிறகுதான் திரும்ப வர முடிந்தது. இடையில் போன காலத்தில், கேட்டவர்களும் பார்த்தவர்களும் ஒவ்வொருவராகப் போய்விட்டார்கள். எஞ்சி இருப்பவர்கள் சிலர் இந்த மண்டபத்தில் இருக்கிறார்கள்.

கேட்டவரின் நினைவு எவ்வளவு பெரிய வேலையைச் செய்யும் என்பதற்கு டீப் பேர்ப்பிளிலிருந்தே கடைசியாக ஒன்று சொல்கிறேன். 1969 புரட்டாதி 24 ஆம் திகதி லண்டன் றோயல் அல்பேர்ட் மண்டபத்தில், ஜோன் லோர்ட் எழுதிய ஒரு பெரிய இசைப் படைப்பை இந்தக் குழு ஒரு முழு வாத்தியக் குழுவோடு சேர்ந்து வாசித்தது. கடும் றொக் குழுவும் மேற்கத்திய சாஸ்திரிய இசைக் கலைஞர்களும் ஒரே மேடையில். அதன் பின் அந்தப் படைப்பின் இசைக்குறிப்புத் தாள்கள் தொலைந்து போயின. ஒவ்வொரு வாத்தியக்காரரும் என்ன வாசிக்க வேண்டும் என்று எழுதியிருந்த தாள்கள் எல்லாம் போய்விட்டன. எழுதியவராலேயே அதை மீட்க முடியவில்லை. பல வருடங்களுக்குப் பிறகு, நெதர்லாந்தைச் சேர்ந்த மார்க்கோ டி கூய் என்ற இளம் இசையமைப்பாளர், அந்தப் படைப்பின் மேல் கொண்ட பற்றினால், பழைய ஒலிப்பதிவைத் திரும்பத் திரும்பக் கேட்டு, படத்தைப் பார்த்து, ஒவ்வொரு வாத்தியத்தின் பகுதியையும் காதாலேயே பிடித்து மறுபடி எழுதினார். அதை லோர்டிடம் கொண்டுபோய்க் கொடுத்தார். லோர்ட் திருத்தம் செய்து முடித்தார். 1999 புரட்டாதியில், 30 வருடங்களுக்குப் பிறகு, அதே மண்டபத்தில் அது மறுபடியும் ஒலித்தது. ஜோன் லோர்ட் 2012 இல் காலமானார். படைப்பு இன்று பல நாடுகளில் வாசிக்கப்படுகிறது.

தம்பி தங்கைமாரே, உங்கள் கைகளில் ஒலிப்பதிவு செய்யும் கைத்தொலைபேசி இருக்கிறது. உங்கள் அம்மம்மாவிடம், அப்பப்பாவிடம், பக்கத்து வீட்டுப் பெரியம்மாவிடம் போய் இருங்கள். எந்த அண்ணாவியார், எந்தக் கோவலன், எந்த இரவு, எந்தக் கோயில் வீதி என்று கேளுங்கள். ஏன் அவர் பாடினது மற்றவரை விட நன்றாக இருந்தது என்று கேளுங்கள். அவர்கள் பாடிக் காட்டினால் குறுக்கே கதைக்காமல் முழுவதையும் பதிவு செய்யுங்கள். இருவர் சொல்வது ஒன்றுக்கொன்று முரணாக இருந்தால் இரண்டையும் அப்படியே எழுதுங்கள். எது சரி என்று நீங்கள் தீர்க்கத் தேவையில்லை. பதிவுகளுக்குத் திகதியும் சொன்னவரின் ஊரும் போட்டு, உங்கள் பாடசாலை நூலகத்தில் ஒரு பிரதி கொடுத்து வையுங்கள். வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கலுக்கு இந்த முறை போகும்போதே தொடங்கலாம். நீங்கள் சேர்ப்பதைக் கேட்க நான் திரும்பி வருவேன்.